நான்கு பிள்ளைகளும் ஓர் அகராதியும்

அகராதியைப் புரட்டாத மாணவி நம்மில் யாரேனும் உண்டா? ஒரு சொல்லின் பொருள் விளங்காதபோது ஓடிச் சென்று அதை எடுக்கிறோம். பொருள் கிடைத்ததும் மூடி வைத்துவிடுகிறோம். கதை எழுதியவரின் பெயர் நம் நினைவில் நிற்கிறது. கவிதை புனைந்தவரைப் போற்றுகிறோம். ஆனால் அகராதியைத் தொகுத்தவர் யார், அதற்கு அவர் எத்தனை இரவுகளையும் விடியல்களையும் செலவிட்டார் என்று நாம் கேட்பதில்லை.

ஸ்பானிய மொழி பேசும் மக்களிடையே ஒரு வழக்கம் உண்டு. அங்கே ஓர் அகராதியை அதன் தலைப்பைச் சொல்லி யாரும் கேட்பதில்லை. மரியா மொலினேரை எடுத்துக் கொடு என்றுதான் கேட்பார்கள். அதைத் தொகுத்த பெண்மணியின் பெயரே அந்நூலின் பெயராகிவிட்டது. அவர் பல்கலைக்கழகப் பேராசிரியராகப் புகழ் பெற்றவர் அல்லர். ஒரு நூலகராகப் பணியாற்றியவர். நான்கு பிள்ளைகளின் தாய். வீட்டு வேலை, அலுவலக வேலை இரண்டையும் பார்த்துக்கொண்டே, அறிஞர் குழுக்கள் செய்ய வேண்டிய பெரும் பணியைத் தனியொருவராகத் தொடங்கி, ஏறத்தாழப் பதினைந்து ஆண்டுகள் உழைத்து முடித்த அப்பெருமாட்டியின் வரலாற்றை இங்கே காண்போம்.

இளமையும் இன்னலும்

ஸ்பெயின் நாட்டின் வடகிழக்குப் பகுதியில் அரகோன் என்னும் நிலப்பரப்பு உள்ளது. அங்கே சரகோசா மாகாணத்தைச் சேர்ந்த பனிசா என்ற சிற்றூரில் 1900-ஆம் ஆண்டு மார்ச் திங்கள் 30-ஆம் நாள் மரியா பிறந்தார். தந்தை என்ரிக்கே மொலினேர் ஒரு கிராமத்து மருத்துவர். தாயார் பெயர் மத்தில்தே ருயிஸ். மரியா சிறுமியாக இருந்தபோதே குடும்பம் தலைநகர் மாட்ரிட்டில் குடியேறியது.

மாட்ரிட்டில் அக்காலத்தில் புதிய முறையில் கல்வி புகட்டிய நிறுவனம் ஒன்று இருந்தது. மனப்பாடம் செய்து ஒப்புவிப்பதைவிடத் தாமே பார்த்து, சிந்தித்து, தம் சொற்களில் எழுதுவதே கல்வி என்பது அதன் கொள்கை. அங்கே அமேரிக்கோ காஸ்த்ரோ என்ற ஆசிரியர் மரியாவின் உள்ளத்தில் மொழியின் மீது தணியாத ஆர்வத்தை விதைத்தார். பின்னாளில் அவர் ஸ்பானிய இலக்கிய வரலாற்றில் பெரும் புகழ் எய்தினார். ஒரு நல்லாசிரியர் சிறுமி ஒருத்திக்குச் சொன்ன பாடம் அரை நூற்றாண்டு கழித்து எப்படிப் பலன் தந்தது என்பதைப் பின்னர்ப் பார்ப்போம்.

மகிழ்ச்சி நெடுநாள் நீடிக்கவில்லை. தந்தை கப்பல் மருத்துவராக அர்ஜென்டினாவுக்குச் சென்றார். ஒருமுறை சென்று திரும்பியவர், 1914-ஆம் ஆண்டளவில் மறுமுறை சென்றபின் திரும்பவேயில்லை. மனைவியையும் மூன்று பிள்ளைகளையும் மறந்து அங்கேயே தங்கிவிட்டார். அப்போது மரியாவுக்கு வயது பதினான்கு.

தாயார் மத்தில்தே மனம் உடைந்து மூலையில் உட்காரவில்லை. தலைநகரின் செலவைத் தாங்க முடியாமல், 1915-இல் பிள்ளைகளுடன் பிறந்த மண்ணாகிய அரகோனுக்குத் திரும்பினார். வறுமை வாட்டியபோதும் பிள்ளைகளின் படிப்பை நிறுத்தவில்லை. மரியாவும் தாயின் சுமையைப் பகிர்ந்துகொண்டார். தாமே படித்துக்கொண்டிருந்த வயதில், லத்தீன், கணிதம், வரலாறு ஆகிய பாடங்களைப் பிற மாணவர்களுக்குச் சொல்லிக் கொடுத்து, கிடைத்த சிறு ஊதியத்தைத் தாயின் கையில் தந்தார். நம் வயதை ஒத்த ஒரு பெண் வீட்டின் தூணாக நின்றார்!

படிப்பும் பணியும்

சரகோசா நகரில் அரகோன் வட்டார மொழியை ஆராயும் நிறுவனம் ஒன்று இருந்தது. வட்டாரச் சொற்களைத் திரட்டி அகராதி ஆக்கும் வேலை அங்கே நடந்தது. 1917 முதல் 1921 வரை மரியா அங்கே பணியாற்றினார். சொற்களைச் சீட்டுகளில் எழுதி வரிசைப்படுத்தும் கலையை அவர் கற்றது அங்கேதான். அதே காலத்தில் சரகோசா பல்கலைக்கழகத்தில் வரலாற்றுப் பிரிவில் பயின்று, 1921-இல் மிக உயர்ந்த மதிப்பெண்களோடும் சிறப்புப் பரிசோடும் பட்டம் பெற்றார்.

மறு ஆண்டே அரசின் ஆவணக் காப்பாளர், நூலகர் பணிக்கான கடினமான போட்டித் தேர்வில் வெற்றி பெற்றார். அப்பணியில் அன்று இருந்த பெண்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். சிமான்காஸ் என்ற ஊரில் பழங்கோட்டை ஒன்றினுள் அமைந்த அரசு ஆவணக் காப்பகத்தில் முதலில் பணியேற்றார். பின்னர் தென்கிழக்கே உள்ள முர்சியா நகரத்திற்கு மாற்றலானார். முர்சியா பல்கலைக்கழகத்தில் பாடம் நடத்திய முதல் பெண்மணி என்ற சிறப்பும் அங்கே அவரைச் சேர்ந்தது.

முர்சியாவில் பெர்னாந்தோ ரமோன் என்ற இயற்பியல் பேராசிரியரைச் சந்தித்தார். 1925-ஆம் ஆண்டு ஆகஸ்ட் திங்களில் இருவருக்கும் திருமணம் நடந்தது. சில ஆண்டுகளில் குடும்பம் வலென்சியா நகருக்குக் குடிபெயர்ந்தது. என்ரிக்கே, பெர்னாந்தோ, கார்மென், பெத்ரோ என நான்கு பிள்ளைகள் வளர்ந்தனர்.

மூட்டை கட்டிச் சென்ற நூல்கள்

அந்நாளைய ஸ்பெயினில் எழுத்தறியாத கிராமத்தார் ஏராளம். மலையடிவார ஊர்கள் பலவற்றிற்கு நல்ல சாலை கிடையாது. அவற்றில் புத்தகத்தைக் கண்ணால் கண்டவரும் குறைவு. அம்மக்களுக்கு நூல்களையும் நாடகத்தையும் ஓவியங்களின் பிரதிகளையும் கொண்டு செல்ல 1931-இல் கல்வித் தூதுப் பணி என்ற திட்டம் தொடங்கப்பட்டது. சில ஆண்டுகளுக்குள் ஊர்தோறும் ஏறக்குறைய நூறு நூல்கள் கொண்ட சிறு நூலகங்கள் ஐயாயிரத்திற்கும் மேல் அமைக்கப்பட்டன. வலென்சியாப் பகுதியில் இப்பணியை முன்னின்று நடத்தியவர் மரியா மொலினேர்.

அவர் அலுவலகத்தில் அமர்ந்து கையொப்பம் இட்டதோடு நிறுத்தவில்லை. சிற்றூர்களுக்கு நேரில் சென்றார். நூல்கள் உறை போடப்பட்டுள்ளனவா, குழந்தைகள் எடுத்துப் படிக்கிறார்களா, ஆசிரியர் அலமாரியைப் பூட்டி வைத்துவிட்டாரா என்றெல்லாம் பார்த்தார். கிராம நூலகர்களுக்காக 1937-இல் சிறு கையேடு ஒன்றையும் ஆக்கினார். நூலை வரிசைப்படுத்துவது எப்படி, இரவல் கொடுப்பது எப்படி என்று அது விளக்குகிறது. அதோடு ஒரு முக்கியமான அறிவுரையும் அதில் உண்டு. படிக்கத் தெரியாதவர்கள் என்று ஊராரை இழிவாக எண்ணாதீர்கள். அவர்களால் உயர முடியும் என்று நம்புங்கள். உங்கள் பணிக்குப் பலன் உண்டு என்றும் நம்புங்கள். இந்த இரண்டு நம்பிக்கையும் இல்லாதவர் நல்ல நூலகராக முடியாது என்பது அவர் கருத்து. ஆசிரியப் பணிக்கும் இது பொருந்தும் அல்லவா?

நாடு முழுவதற்குமான நூலக அமைப்பு ஒன்றுக்கும் அவர் திட்டம் வகுத்தார். எந்தச் சிற்றூரில் வாழும் எவரும், தாம் விரும்பும் எந்த நூலையும் தம் ஊருக்கே வரவழைத்துப் படிக்க வேண்டும் என்பதே அதன் நோக்கம்.

போரின் காயம்

ஆனால் காலம் வேறாக இருந்தது. 1936-இல் ஸ்பெயினில் உள்நாட்டுப் போர் மூண்டது. அண்ணனும் தம்பியும் எதிரெதிர் அணிகளில் நின்ற கொடிய போர் அது. ஆலயங்கள் எரிந்தன, குருக்களும் கன்னியரும் கொல்லப்பட்டனர், மற்றோர் அணியைச் சேர்ந்த ஆசிரியர்களும் எளிய மக்களும் சுட்டுக் கொல்லப்பட்டனர். கண்ணீர் சிந்தாத வீடு எங்கும் இல்லை.

1939-இல் போர் முடிந்தது. வென்றவர்கள், முந்திய அரசின் கீழ் உழைத்த அலுவலர் ஒவ்வொருவரையும் விசாரித்தனர். மரியாவின் கணவர் பேராசிரியர் பதவியை இழந்தார். மரியாவைப் பணிநிலை வரிசையில் 18 படிகள் கீழே இறக்கினார்கள். கிராமங்களுக்கு நூல் கொண்டு சென்ற கைகள் மறுபடியும் வரித்துறை ஆவணங்களின் தூசியைத் தட்டும் வேலைக்கு அனுப்பப்பட்டன. அவர் கண்ட நூலகக் கனவு காகிதத்திலேயே நின்றுவிட்டது.

கணவரின் பதவி 1946-இல் திரும்பக் கிடைத்தது. ஆனால் அது சலமன்கா பல்கலைக்கழகத்தில். மரியாவுக்கு மாட்ரிட்டில் பொறியியல் கல்லூரி ஒன்றின் நூலகப் பொறுப்பு கிடைத்தது. மொழியிலும் இலக்கியத்திலும் உள்ளம் தோய்ந்த ஒருவருக்கு, இயந்திர நூல்களுக்கு நடுவே ஓர் இருக்கை! 1970-இல் ஓய்வு பெறும்வரை அங்கேயே இருந்தார். குறைபட்டுக்கொண்டே காலத்தைக் கழித்திருக்கலாம். எவரும் அவரைக் குற்றம் சொல்லியிருக்க மாட்டார்கள். அவரோ வேறு வழி தேடினார்.

இரண்டே ஆண்டில் முடியும் என்று...

பிள்ளைகள் வளர்ந்துவிட்டார்கள். வீட்டில் சற்று ஓய்வு கிடைத்தது. 1952-ஆம் ஆண்டளவில் மகன் பெர்னாந்தோ பாரிஸ் நகரிலிருந்து ஆங்கில அகராதி ஒன்றை வாங்கி வந்து தாயிடம் கொடுத்தார். ஆங்கிலம் பயிலுவோருக்காக ஆக்கப்பட்டது அது. சொல்லுக்குப் பொருள் கூறுவதோடு நில்லாமல், அச்சொல்லை வாக்கியத்தில் எப்படிக் கையாள வேண்டும் என்பதையும் சொல்லித் தந்தது. அதைப் புரட்டிப் பார்த்த மரியாவுக்கு, நம் மொழிக்கு இப்படி ஒன்று ஏன் இல்லை என்ற எண்ணம் எழுந்தது. காகிதத்தையும் எழுதுகோலையும் எடுத்து உட்கார்ந்தார். இரண்டு ஆண்டுகளில் முடித்துவிடலாம் என்பது அவர் போட்ட கணக்கு. அப்போது அவருக்கு வயது ஐம்பதைக் கடந்திருந்தது.

கணக்குத் தவறியது. இரண்டு ஆண்டு ஐந்தாயிற்று, ஐந்து பத்தாயிற்று. எப்போது கேட்டாலும் இன்னும் இரண்டு ஆண்டு வேலைதான் இருந்தது! ஆனாலும் அவர் நிறுத்தவில்லை.

நாள்தோறும் விடியற்காலை ஐந்து மணிக்கு எழுவார். வீடு உறங்கிக்கொண்டிருக்கும் அவ்வேளையில் சீட்டுகளைப் பரப்பி எழுதுவார். பிறகு கல்லூரி நூலகத்திற்குச் செல்வார். மாலையில் வீடு திரும்பியதும் மீண்டும் சீட்டுகள். உணவு மேசையே எழுதும் மேசை. சாப்பாட்டு வேளை வந்தால் சீட்டுகளை ஒதுக்கி வைத்துவிட்டு, உண்டபின் மறுபடியும் பரப்புவார். உதவிக்கு அலுவலகம் இல்லை. கூடவே இருந்து உழைக்கும் அறிஞர் குழு இல்லை. கையால் எழுதிய சீட்டுகள், ஒரு சிறு தட்டச்சுப் பொறி, அசையாத உறுதி ஆகியவையே அவருடைய செல்வம்.

இக்காலத்தைப் பற்றி ஒரு சுவையான செய்தி சொல்லப்படுகிறது. உனக்கு உடன்பிறந்தோர் எத்தனை பேர் என்று மகன் ஒருவரைக் கேட்டார்களாம். இரண்டு சகோதரர்கள், ஒரு சகோதரி, ஓர் அகராதி என்று அவர் விடை சொன்னாராம்! ஐந்தாவது பிள்ளையைப் போலத்தான் அந்த அகராதி அவ்வீட்டில் வளர்ந்தது.

அகராதியின் சிறப்பு

அப்படி என்ன புதுமை அதில் இருந்தது? தமிழில் உள்ள எடுத்துக்காட்டுகளைக் கொண்டே விளங்கிக்கொள்ளலாம்.

'துன்பம்' என்ற சொல்லைத் தேடுகிறோம். 'துயரம்' என்று பொருள் போட்டிருக்கிறது. சரி, துயரம் என்றால் என்ன என்று பார்த்தால், அங்கே 'துன்பம்' என்றிருக்கிறது! செக்குமாடு போலச் சுற்றி வந்ததுதான் மிச்சம். ஸ்பானிய மொழியின் பழைய அகராதிகளிலும் இக்குறை நிறைய இருந்தது. மரியா ஒவ்வொரு சொல்லுக்கும் தம் சொந்த நடையில், எளிய சொற்களால், சுற்றி வளைக்காமல் புதிதாக விளக்கம் எழுதினார்.

அடுத்து, மழை 'பெய்கிறது', காற்று 'வீசுகிறது' என்கிறோம். காற்று பெய்கிறது என்றால் சிறு குழந்தையும் சிரிக்கும். எந்தப் பெயர்ச்சொல்லோடு எந்த வினைச்சொல் சேரும் என்பது தாய்மொழியாளருக்கு இயல்பாக வரும். புதிதாகக் கற்பவருக்கு யார் சொல்வது? மரியாவின் அகராதி சொல்லிற்று. 'ஸ்பானிய மொழிப் பயன்பாட்டு அகராதி' என்ற பெயரே அதனால்தான்.

மேலும், மனத்தில் கருத்து இருக்கும். அதற்குரிய சொல் நாவில் வராது. அத்தகையோருக்காக ஒவ்வொரு சொல்லின் கீழும் அதனோடு தொடர்புடைய சொற்களை எல்லாம் தொகுத்து வைத்தார். நட, நடை, நடத்தை, நடப்பு என்று நம் மொழியில் ஒரு வேரில் கிளைக்கும் சொற்களைப் போல, ஒரே குடும்பத்துச் சொற்களையும் ஓரிடத்தில் சேர்த்தார். செய்தித்தாள்களை நாள்தோறும் படித்து, மக்கள் வாயில் புதிதாகப் பிறந்த சொற்களையும் எடுத்துக்கொண்டார். வாழும் மொழி அங்கேதான் இருக்கிறது என்பது அவர் துணிபு.

ஸ்பானிய நெடுங்கணக்கில் இரண்டு இரட்டை எழுத்துகளைத் தனி எழுத்துகளாகக் கருதி, அகராதியில் தனி இடம் தருவது மரபு. மரியா அவற்றைப் பிரித்து, உரிய முதலெழுத்தின் கீழேயே அடைத்தார். மரபை மீறிவிட்டார் என்று அன்று தோன்றியது. ஸ்பானிய மொழிக் கழகங்கள் 1994-இல் இதே முறையை ஏற்றன. ஏறத்தாழ முப்பது ஆண்டுகள் முன்னதாகவே அவர் அதைச் செய்து காட்டியிருந்தார்!

புகழ்பெற்ற கவிஞரும் அறிஞருமான டமாசோ அலோன்சோ இப்பணியின் அருமையை உணர்ந்து ஊக்குவித்தார். கிரெதோஸ் என்ற பதிப்பகம் வெளியிட முன்வந்தது. 1966-லும் 1967-லும் இரண்டு பெருந்தொகுதிகளாக அகராதி வெளிவந்தது. பக்கங்கள் ஏறக்குறைய மூவாயிரம். அப்போது அம்மையாருக்கு வயது அறுபத்தேழு.

திறக்காத கதவு

ஸ்பானிய மொழியைக் காக்கும் பொறுப்புடையது 1713-இல் தோன்றிய அரச மொழிக் கழகம். அதன் இருக்கைகளுக்கு எழுத்துகளின் பெயர்களே பெயர். 1972-இல் ஓர் இருக்கை காலியாயிற்று. மரியா மொலினேரை அறிஞர் சிலர் முன்மொழிந்தனர். நாடு முழுவதும் செய்தித்தாள்கள் இதைப் பேசின. ஏனெனில் இருநூற்றைம்பது ஆண்டுகளுக்கு மேலாகியும் எந்தப் பெண்ணும் அக்கழகத்தில் முழு உறுப்பினராக அமர்ந்ததில்லை.

வாக்களிப்பு நடந்தது. மரியா தேர்ந்தெடுக்கப்படவில்லை. எமிலியோ அலார்கோஸ் என்ற மொழியியல் பேராசிரியர் தேர்வானார். அவரும் தகுதி மிக்கவரே, அதில் ஐயமில்லை. ஆனால் மரியா மொழியியலில் பட்டம் பெறாதவர் என்று சிலர் காரணம் சொன்னபோது, கேட்டவர்கள் அதை முழுவதும் நம்பவில்லை. இந்த அகராதியை ஓர் ஆண்மகன் எழுதியிருந்தால், அவர் ஏன் இன்னும் கழகத்தில் இல்லை என்று எல்லாரும் கேட்டிருப்பார்கள் என மரியாவே அமைதியாகச் சுட்டிக் காட்டினார்.

அவர் ஆத்திரம் கொள்ளவில்லை. தம்முடைய ஒரே தகுதி இந்த அகராதிதான் என்பார். வாழ்நாள் முழுவதும் கிழிந்த காலுறைகளைத் தைத்துக்கொண்டிருந்த நான் அந்த அவையில் என்ன உரையாற்றப் போகிறேன் என்று நகைச்சுவையாகவும் சொன்னார். மறு ஆண்டு அதே கழகம் அவருக்குப் பரிசு ஒன்றை அறிவித்தது. அதை அவர் ஏற்கவில்லை. பணிவுடையவருக்குத் தன்மானமும் உண்டு என்பதை அச்செயல் காட்டியது.

அந்தக் கதவு 1978-இல் திறந்தது. கார்மென் கோந்தே என்ற பெண் கவிஞர் முதன்முதலாக முழு உறுப்பினராகத் தேர்வானார்.

மறைவும் மாண்பும்

கணவர் 1974-இல் காலமானார். அதன்பின் மரியாவை மூளை நோய் ஒன்று பற்றியது. நினைவு மங்கிற்று. ஒரு மொழியின் சொற்களை எல்லாம் ஒவ்வொன்றாகக் கையில் எடுத்துப் பார்த்து அடுக்கி வைத்தவருக்கு, சொற்கள் ஒவ்வொன்றாக மறந்துபோயின. இதைவிடத் துயரமான முடிவு உண்டோ! 1981-ஆம் ஆண்டு ஜனவரி 22-ஆம் நாள் மாட்ரிட்டில் தமது எண்பதாம் வயதில் இயற்கை எய்தினார். அடுத்த மாதமே கொலம்பியா நாட்டு எழுத்தாளர் கார்சியா மார்க்கேஸ் அவரைப் பற்றிக் கட்டுரை எழுதி, ஸ்பானிய மொழியில் மிக முழுமையான, மிகப் பயனுள்ள அகராதி அவருடையதே என்று புகழ்ந்தார். மறு ஆண்டு நோபல் பரிசு பெற்றவர் அவர்.

அகராதி அவரோடு மறையவில்லை. 1998-இலும் அதன் பின்னரும் புதுப் பதிப்புகள் வந்தன. ஸ்பெயினில் எத்தனையோ நூலகங்களும் பள்ளிகளும் அவர் பெயரைத் தாங்கி நிற்கின்றன. சிற்றூர் நூலகங்களை ஊக்குவிக்கும் அரசுப் பரிசுக்கும் அவர் பெயரே சூட்டப்பட்டது. காகிதத்தில் நின்றுபோன கனவைப் பின்வந்தோர் மறக்கவில்லை.

அன்பு மாணவியரே! தாலந்து உவமையை நாம் எத்தனையோ முறை கேட்டிருக்கிறோம். பதவி பறிபோனபோது தம் தாலந்தை மண்ணில் புதைத்து வைக்க மரியாவுக்குக் காரணங்கள் நிறைய இருந்தன. அவர் அதை உணவு மேசையின் மீது எடுத்து வைத்தார். நமக்குக் கிடைக்கும் காலமும் பெரும்பாலும் அப்படித்தான் இருக்கும். தனி அறை இராது; முழு நாள் இராது. வீட்டு வேலைக்கும் பள்ளி மணிக்கும் நடுவே ஒரு மணி நேரம் கிடைக்கும். அந்த ஒரு மணி நேரத்தை நாள் தவறாமல் பயன்படுத்தினால் என்ன ஆகும் என்பதற்கு அந்த மூவாயிரம் பக்கங்கள் சான்று.

பெற்றோர்க்கும் இதில் ஒரு செய்தி உண்டு. துணையின்றி நின்ற நிலையிலும் மகளின் படிப்பை நிறுத்தாத தாய் மத்தில்தே இல்லையேல், மரியா மொலினேர் இல்லை. அவருடைய அகராதியும் இல்லை.

அடுத்த முறை நம் பள்ளி நூலகத்தில் அகராதியை எடுக்கும்போது, அதன் முதல் பக்கத்தைப் புரட்டித் தொகுத்தவரின் பெயரைப் படித்துப் பார்ப்போமா?